ஒரு பகல் கோபம் போதும்: அண்ணன் தம்பிகளுக்கு ஒரு திறந்த மடல்

அக்கா தங்கையோடு பிறந்தவர்களே,

உங்கள் தங்கையின் அலைபேசியில் 'ரேவதி காலேஜ்' என்று ஒரு பெயர் பதிவாகி இருக்கலாம். அந்த எண்ணை அழைத்தால் எடுப்பது ரேவதியாக இருக்காது. வீட்டுக்கு வீடு அந்தப் பெயர் மாறும். ஓரிடத்தில் 'டெய்லர் அக்கா', இன்னோரிடத்தில் 'கேஸ் புக்கிங்'. நீங்கள் இதை ஏற்கெனவே கண்டுபிடித்திருக்கலாம், அல்லது சந்தேகத்தோடு சுற்றிக்கொண்டிருக்கலாம். ஓர் இரவு சாப்பாட்டுத் தட்டுக்கு முன்னால் கையை நீட்டி, "ஃபோனைக் கொடு" என்று கேட்டிருப்பீர்கள். கொடுப்பதற்கு முன் அவள் கட்டைவிரல் இரண்டு நொடி அவசரமாக எதையோ அழித்ததையும் பார்த்திருப்பீர்கள். அந்த இரண்டு நொடியைப் பற்றி உங்களிடம் பேச வேண்டியிருக்கிறது.

அப்பாக்களுக்கு எழுதாமல் உங்களுக்கு எழுதக் காரணம் உண்டு. பெரும்பாலான வீடுகளில் அப்பாவுக்குச் செய்தி கடைசியாகத்தான் போகிறது. அவள் படிக்கும் கல்லூரியில் உங்கள் நண்பனின் தம்பி படிக்கிறான். அவள் பஸ் ஏறும் நிறுத்தத்து டீக்கடையில் உங்களைத் தெரிந்த நாலு பேர் நிற்கிறார்கள். "மச்சான், உன் தங்கச்சிய அங்க பார்த்தேன்டா" என்ற சொல் முதலில் விழுவது உங்கள் காதில். அதற்கு அடுத்த ஒரு மணி நேரத்தில் நீங்கள் என்ன செய்கிறீர்களோ, அதைப் பொறுத்துத்தான் அவளுடைய படிப்பு, வேலை, சில வேளைகளில் உயிரும் நிற்கிறது.

உங்கள் அன்பை யாரும் சந்தேகிக்கவில்லை. சைக்கிள் கேரியரில் உட்காரவைத்து அவளைப் பள்ளிக்கூடத்துக்குக் கூட்டிப்போனது நீங்கள். அவள் கல்யாணத்துக்கு வாங்கிய கடனை இன்னும் கட்டிக்கொண்டிருப்பதும் நீங்கள். நாளை அவள் பிள்ளைக்குக் காது குத்தும்போது அந்தப் பிள்ளை உட்காரப் போவது உங்கள் மடியில். ஆனால் இந்த அன்போடு சேர்த்து ஒரு வேலையும் உங்கள் கையில் திணிக்கப்பட்டது. பத்து வயதுப் பையனாக இருந்தபோது, பதினேழு வயது அக்கா கடைத்தெருவுக்குக் கிளம்பினால், "துணைக்குப் போடா" என்று உங்களை அனுப்பினார்கள். அந்த வயதுப் பையனால் யாருக்கும் துணையாக இருக்க முடியாது. ரோட்டில் ஒரு லாரி தறிகெட்டு வந்தால் அவளல்லவா உங்களைத் தூக்கிக்கொண்டு ஓட வேண்டும்? நீங்கள் அனுப்பப்பட்டது கண்களாக. வீட்டுக்குத் திரும்பியதும் "எங்கெல்லாம் போனீங்க, யாரோட பேசினா?" என்று உங்களைத்தான் கேட்டார்கள். நீங்கள் சொன்னீர்கள். அன்றைக்கே அவள் உங்களிடமிருந்து ஒன்றை மறைக்கக் கற்றுக்கொண்டாள்.

அந்த மறைவுக்குள் என்னதான் இருக்கிறது? காதலன் இருப்பான் என்று உடனே நினைப்பீர்கள். இருக்கலாம். அந்தக் காதலன் வேறு சாதியாக, வேறு மதமாக இருக்கலாம். அந்த இடத்தில் ஒரு பெண்ணும் இருக்கலாம். கணவனை இழந்து பிறந்த வீட்டுக்கு வந்துவிட்ட உங்கள் அக்காவுக்கு முப்பத்தாறு வயதில் மறுபடி ஒருவரைப் பிடித்திருக்கலாம். தாலி கழற்றிய கழுத்தோடு ஆசையும் கழன்றுவிடும் என்று வீடு நம்பிக்கொண்டிருக்க, அவள் ராத்திரியில் மொட்டைமாடியில் துணி எடுக்கப் போகும் சாக்கில் பத்து நிமிஷம் பேசிவிட்டு வருவாள். காதலே இல்லாத ரகசியங்களும் உண்டு. வெளியூரில் ஒரு வேலைக்கு அவள் விண்ணப்பித்திருக்கலாம். கல்யாணமே வேண்டாம் என்று உள்ளுக்குள் முடிவு செய்திருக்கலாம். தனியாக ஒரு ஊருக்கு ரயிலேற வேண்டும், ஒரு நாளாவது யாருக்கும் பதில் சொல்லாமல் இருக்க வேண்டும் என்பதுகூட ஆசைதான். அதுவும் விலக்கப்பட்ட பட்டியலில்தான் இருக்கிறது.

எழுதுவதும் ஒரு காலத்தில் அந்தப் பட்டியலில் இருந்தது, இன்றும் பல வீடுகளில் இருக்கிறது. கவிஞர் சல்மா துவரங்குறிச்சியில் வளர்ந்தவர். தோழிகளோடு ஒரு சினிமாவுக்குப் போனதற்காகப் பதின்மூன்று வயதுவாக்கில் அவருடைய பள்ளிப்படிப்பு நின்றது. திருமணத்துக்குப் பிறகு, வீடு தூங்கிய நேரத்தில் கழிவறைக்குள் நின்று கிடைத்த தாளில் கவிதை எழுதி ஒளித்துவைத்தார். அவை வெளியே போய் அச்சேறியதற்கு அவருடைய அம்மா உதவினார். எழுதியவர் யாரென்று தெரியாமல் இருக்கத்தான் சல்மா என்ற புனைபெயர். 2000-இல் 'ஒரு மாலையும் இன்னொரு மாலையும்' தொகுப்பாக வந்தது. அடுத்த ஆண்டே அவர் பொன்னம்பட்டி பேரூராட்சியின் தலைவரானார். ஒரு தாளையும் பேனாவையும் கழிவறைக்குள் ஒளிக்கவைத்த வீட்டில் இருந்த யாரும் கெட்டவர்கள் என்று சொல்ல வேண்டியதில்லை. அவர்கள் தங்கள் கடமையைச் செய்வதாகத்தான் நினைத்தார்கள். நீங்களும் அப்படித்தான் நினைக்கிறீர்கள் என்பதால்தான் இவ்வளவு பேச வேண்டியிருக்கிறது.

இன்னொரு வகை ரகசியமும் இருக்கிறது. அதை ஆசை என்று சொல்ல முடியாது; ஆனால் ஆசையைப் பூட்டிய அதே சாவிதான் இதையும் பூட்டுகிறது. 2007-இல் மத்திய அரசின் பெண்கள் குழந்தைகள் மேம்பாட்டு அமைச்சகம் பதின்மூன்று மாநிலங்களில் நடத்திய ஆய்வில், 53 சதவீதக் குழந்தைகள் ஏதோ ஒரு வகைப் பாலியல் தொந்தரவுக்கு ஆளானதாகச் சொன்னார்கள். தொந்தரவு செய்தவர்களில் பாதிப்பேர் அந்தக் குழந்தைக்குத் தெரிந்தவர்கள், நம்பப்பட்டவர்கள். பெரும்பாலான குழந்தைகள் அதை யாரிடமும் சொல்லவில்லை. ஏன் சொல்லவில்லை என்பதற்கு உங்கள் வீட்டுப் பேச்சிலேயே பதில் இருக்கிறது. "நீ எதுக்கு அங்க போனே?" என்பதுதான் முதல் கேள்வி. அடுத்த வாரத்திலிருந்து அவளுக்கு டியூஷன் கிடையாது. நடந்ததைச் சொன்னால் தண்டனை தனக்கு என்று தெரிந்த பிறகு எந்தப் பிள்ளை வாயைத் திறக்கும்?

பொள்ளாச்சியை நினைத்துப் பாருங்கள். பெண்களோடு நட்பாகப் பழகி, தனியிடத்துக்கு வரவழைத்து, வன்கொடுமை செய்து, அதைப் படமெடுத்து மிரட்டிய கூட்டம் அது. அவர்கள் கையில் இருந்த ஆயுதம் கேமரா மட்டும் இல்லை. "உன் வீட்டுக்கு அனுப்பிடுவோம்" என்ற ஒரு வாக்கியத்தில்தான் மொத்த மிரட்டலும் ஓடியது. அந்தப் பெண்கள் அந்தக் கூட்டத்தை விடவும் தங்கள் வீட்டைப் பார்த்துப் பயந்தார்கள். இன்னும் பச்சையாகச் சொன்னால், உங்களைப் பார்த்துப் பயந்தார்கள். அவர்களுடைய பயம் இருந்தவரை அந்தத் தொழில் நடந்தது.

அது எப்படி நின்றது தெரியுமா? 2019 பிப்ரவரியில் ஒரு கல்லூரி மாணவி நடந்ததைத் தன் அண்ணனிடம் சொன்னாள். அவ்வளவுதான். அந்த அண்ணன் அவளுடைய கைபேசியைப் பிடுங்கி வீட்டுக்குள் பூட்டவில்லை. நண்பர்களோடு போய்க் குற்றவாளிகளைத் தேடிப் பிடித்தார். அவர்கள் கைபேசியில் மற்றப் பெண்களின் படங்களும் இருந்தது தெரியவந்தது. விஷயம் காவல் நிலையத்துக்குப் போனது. புகார் கொடுத்ததற்காக அந்த அண்ணனே தாக்கப்பட்டார். காவல்துறை அதிகாரி அந்தப் பெண்ணின் அடையாளத்தைப் பொதுவில் சொல்லிவிட்ட கொடுமையும் நடந்தது. அந்தக் குடும்பம் பின்வாங்கவில்லை. 2025 மே 13 அன்று கோவை மகளிர் நீதிமன்றம் ஒன்பது பேருக்கும் சாகும்வரை ஆயுள் தண்டனை விதித்தது. அந்த ஆறு ஆண்டுகளில் பல வழக்கறிஞர்களும் அமைப்புகளும் உழைத்தார்கள்; உண்மைதான். ஆனாலும் முதல் செங்கல் அசைந்தது, அவள் தன் அண்ணனிடம் வாய்திறந்த அந்த நேரத்தில். அவளால் சொல்ல முடிகிற மாதிரி ஓர் அண்ணன் அந்த வீட்டில் இருந்திருக்கிறார்.

உங்கள் வீட்டில் இருக்கிறாரா?

மறுபக்கத்தையும் சொல்லித்தான் ஆக வேண்டும். விருத்தாசலம் அருகே புதுக்கூரைப்பேட்டை. கண்ணகி, முருகேசன் இருவரும் பட்டதாரிகள். பெண் வன்னியர், பையன் தலித். 2003 மே மாதம் கடலூரில் பதிவுத் திருமணம் செய்துகொண்டார்கள்; அதை யாருக்கும் சொல்லாமல் தனித்தனியாக அவரவர் வீட்டில் இருந்தார்கள். கணவன் மனைவி என்பதே அவர்களுடைய ரகசியம். இரண்டு மாதம்தான் அதைக் காப்பாற்ற முடிந்தது. ஜூலை 8 அன்று இருவரையும் பிடித்துக் கொண்டுவந்து காதிலும் மூக்கிலும் விஷம் ஊற்றிக் கொன்றார்கள். தீர்ப்பு வரப் பதினெட்டு வருஷம் ஆனது. 2021-இல் கடலூர் நீதிமன்றம் பதின்மூன்று பேரைக் குற்றவாளிகள் என்றது. அவர்களில் இரண்டு காவல் அதிகாரிகளும் உண்டு. மரண தண்டனை பெற்றது ஒரே ஒருவர். அவர் அந்தப் பெண்ணின் அண்ணன். 2022-இல் உயர் நீதிமன்றம் அதை ஆயுளாகக் குறைத்தது. 2025 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் தண்டனைகளை உறுதி செய்தது. அடுத்த மூன்றே மாதத்தில், 2025 ஜூலை 27 அன்று, பாளையங்கோட்டையில் ஒரு மென்பொறியாளர் வெட்டிக் கொல்லப்பட்டார். போலீசில் சரணடைந்தவர் அவர் காதலித்த பெண்ணின் உடன்பிறந்தவர். அந்த வழக்கு நீதிமன்றத்தில் இருக்கிறது, அதன் முடிவை நீதிமன்றம் சொல்லட்டும். ஆனால் ஒன்றை நீங்கள் கவனிக்காமல் இருக்க முடியாது. இந்த வேலைக்குக் குடும்பம் தேடி எடுப்பது உங்களைத்தான். பெரியப்பாவும் மாமாவும் திண்ணையில் உட்கார்ந்து "உனக்கெல்லாம் மீசை எதுக்குடா?" என்று கேட்பார்கள். சிறைக்குப் போவது நீங்கள். மாமா கேஸ் நடக்கும்போது இரண்டு தடவை வந்து பழம் வாங்கிக் கொடுத்துவிட்டுப் போவார்.

இதற்கெல்லாம் பண்பாடு என்று பெயர் வைத்திருக்கிறார்கள். "நம்ம குலத்துல இப்படி உண்டா?" என்று கேட்கிறார்கள். பண்பாட்டைச் சாட்சிக்குக் கூப்பிட்டால் அதை முழுசாகப் பேசவிட வேண்டாமா?

தொல்காப்பியத்தின் பொருளதிகாரத்தில் கற்பியலுக்கு முன்னால் களவியல் இருக்கிறது. பெற்றோருக்கும் ஊருக்கும் தெரியாமல் ஒரு பெண் காதலிப்பது தமிழின் பழைய இலக்கணத்தில் ஓர் இயல். அவள் ரகசியத்தைப் பற்றி ஊர் பேசுவதற்கு அலர் என்று பெயர். அவளை வீட்டுக்குள் அடைப்பதற்கு இற்செறிப்பு. அவனோடு கிளம்பிப் போவதற்கு உடன்போக்கு. தோழி அந்த ரகசியத்தைத் தக்க நேரத்தில் தாய்க்கு எடுத்துச் சொல்வதற்கு வைத்த பெயர்தான் ஆச்சரியம்: அறத்தொடு நிற்றல். காதலைச் சொல்வதற்குப் பெயரே அறத்தின் பக்கம் நிற்பது! இன்னொரு விதியும் உண்டு. அகப்பாட்டில் காதலர்களின் பெயரைச் சுட்டிச் சொல்லக் கூடாது. இரண்டாயிரம் வருஷமாக அந்தப் பெண்கள் யாரென்று யாருக்கும் தெரியாது. அவர்கள் உடம்பு, ஏக்கம், இரவு, கண்ணீர் எல்லாம் பாட்டில் இருக்கிறது. பெயர் மட்டும் இல்லை. ரகசியத்தை இலக்கணமே காவல் காத்தது. இன்று ஒரு பெண்ணின் படத்தையும் பெயரையும் சாதியையும் வாட்ஸாப் குழுவில் போட்டுவிட்டு அதே கை "தமிழர் பண்பாடு" என்று எழுதுகிறது.

அந்தப் பாட்டுகளில் நீங்களும் வருகிறீர்கள். கலித்தொகையில், கபிலர் பாடியதாகச் சொல்லப்படும் குறிஞ்சிக்கலியில், ஒரு மலைக்குடிப் பெண் வேகமான புனலில் குளிக்கும்போது கை தளர்ந்து வெள்ளத்தோடு போகிறாள். ஒருவன் குதித்து அவளை மார்போடு அணைத்துக் கரை சேர்க்கிறான். அங்கே ஆரம்பிக்கிறது காதல். வீட்டாரோ அவளை வேறொருவனுக்குக் கொடுக்கப் பார்க்கிறார்கள். தோழி ஊரைக் கூப்பிட்டு எச்சரிக்கிறாள்: நீங்கள் செய்யும் தவறால் வள்ளிக்கிழங்கு மண்ணுக்குள் இறங்காது, மலையில் தேன் கூடு கட்டாது, தினை கதிர் விடாது. கவனியுங்கள், பஞ்சம் வருவது அவள் காதலித்ததால் இல்லை. அவள் மனசுக்கு மாறாக நடத்தப் பார்க்கும் ஊரின் தவறால். அவளோ, மழை வேண்டும் என்றால் மழையைத் தரக்கூடிய பெருமை உள்ளவள் என்கிறாள் தோழி. இன்னொருவன் கை பட்டுக் கரையேறிய பெண்ணைப் பற்றித்தான் இந்தப் பேச்சு.

அப்புறம் தாய் அதை அண்ணன்மாரிடம் சொல்கிறாள். அவர்களுக்குக் கோபம் வருகிறது. வராமல் இருக்குமா? அம்பைப் பார்க்கிறார்கள், வில்லைப் பார்க்கிறார்கள், கண் சிவக்கிறது. ஒரு பகல் முழுக்க அந்தக் கொதிப்பு நிற்கிறது. பிறகு ஆறுகிறார்கள். ஆறிய மனதோடு யோசித்து, இருவரிடத்திலும் குற்றம் இல்லை என்ற முடிவுக்கு வருகிறார்கள். கலங்கிய மனதோடு தலையைச் சாய்க்கிறார்கள். அதுதான் சம்மதம். அடுத்து ஊரில் குரவைக்கூத்து, கல்யாணம்.

இந்த இடத்தில் கொஞ்சம் நில்லுங்கள். அந்த அண்ணன்மாருக்குக் கோபம் வரக்கூடாது என்று புலவர் எழுதவில்லை. அவர்கள் பெருந்தன்மையானவர்கள், முதல் நொடியிலேயே கட்டிப்பிடித்து வாழ்த்தினார்கள் என்றும் எழுதவில்லை. வில் பக்கத்திலேயே இருந்தது. அம்பு கூராகத்தான் இருந்தது. எடுக்கவில்லை. ஒரு பகல் பொழுது எடுக்காமல் உட்கார்ந்திருந்தார்கள். பிறகு தலை தாழ்ந்தது. 'தலைகுனிவு' என்று எந்தச் சொல்லைக் கேட்டு நீங்கள் இன்று நடுங்குகிறீர்களோ, அந்தச் செயலைத்தான் அவர்கள் செய்தார்கள். அந்தக் குனிந்த தலைகளுக்கு முன்னால்தான் கல்யாணம் நடந்தது. அவர்களுடைய மானத்தில் ஒரு துளியும் குறைந்ததாகப் பாட்டில் இல்லை.

நீங்கள் கலித்தொகையைவிடச் சினிமாவில்தான் அண்ணனாக இருக்கக் கற்றுக்கொண்டிருப்பீர்கள். 'பாசமலர்' 1961-இல் வந்தது. இன்றும் அண்ணன் தங்கை என்றாலே நம் கண்ணில் அந்தப் படம்தான் நீர் வரவைக்கும். 1978-இல் மகேந்திரனின் 'முள்ளும் மலரும்'. காளியின் தங்கை வள்ளி இன்ஜினீயரைக் காதலிக்கிறாள். காளிக்கு அந்த மனிதரைப் பிடிக்காது. கடைசிக் காட்சியில் எல்லாரும் ஒரு பக்கம் நிற்க, கல்யாணத்துக்குப் போய்க்கொண்டிருந்த வள்ளி நடந்து தன் அண்ணனிடம் திரும்பி வருகிறாள். அதன் பிறகுதான் காளி சம்மதிக்கிறான். அருமையான படம், அதில் ஐயம் இல்லை. ஆனால் இத்தனை வருஷம் கழித்து அந்தக் காட்சியைப் பார்க்கும் பெண்களின் தொண்டையில் வேறொன்றும் அடைக்கிறது. அவள் ஆசைப்பட்டதைப் பெறுவதற்கு முன், அதை அண்ணன் காலடியில் வைத்துவிட வேண்டியிருக்கிறது. "அண்ணாதான் முக்கியம்" என்று நிரூபித்த பிறகுதான் அவளுக்குக் காதல் அனுமதிக்கப்படுகிறது. நம் சினிமா அண்ணனுக்குக் கண்ணீரைத் தாராளமாகக் கொடுத்தது. தங்கை கையில் முடிவைக் கொடுக்க மறந்தது.

சட்டத்தில் அந்த முடிவு அவள் கையில்தான் இருக்கிறது. லக்னோவில் அண்ணன் வீட்டிலிருந்து வெளியேறி, 2000-இல் வேறு சாதியில் திருமணம் செய்துகொண்ட ஒரு பெண்ணின் வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. புகுந்த வீட்டுக்காரர்களை அடித்ததும், கணவரின் உறவினர்கள் சிறைக்குப் போகக் காரணமானதும் அவளுடைய சகோதரர்கள். 2006-இல் வந்த லதா சிங் தீர்ப்பு அந்த வழக்கையெல்லாம் ரத்து செய்தது. வயதுவந்த பெண் விருப்பப்பட்டவரை மணக்கலாம், பிடிக்காவிட்டால் குடும்பம் செய்யக்கூடிய அதிகபட்சம் உறவை முறித்துக்கொள்வது என்றது. மிரட்ட உரிமை இல்லை, தொடவும் உரிமை இல்லை.

சொத்தையும் பேசாமல் விட முடியாது, ஏனென்றால் மானத்தின் அடியில் பல வீடுகளில் ஓர் ஏக்கர் நிலம் கிடக்கிறது. தமிழ்நாட்டில் 1989-லேயே மகளுக்குப் பூர்வீகச் சொத்தில் சம பங்கு என்று சட்டம் வந்தது. நாடு முழுவதற்கும் 2005-இல் வந்தது. அந்த உரிமை பிறப்பாலேயே அவளுக்கு உண்டு என்று 2020-இல் உச்ச நீதிமன்றம் உறுதியாகச் சொன்னது. ஆனாலும் சார்பதிவாளர் அலுவலகத்துக்கு அக்கா தங்கைகள் வரிசையாக வந்து விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போகிறார்கள். "நாளைக்குப் பொறந்த வீட்டு வாசல் வேணும்ல?" என்ற ஒரு கேள்விதான் காரணம். பங்கு வேண்டும் என்று அவளுக்கு ஆசை உண்டு. அதுவும் வெளியில் சொல்லக்கூடாத ஆசை. தான் விரும்பியவனைக் கட்டிக்கொண்டு போனவளுக்கு அந்த வாயும் கிடையாது. ஓடிப்போனவளுக்குப் பங்கு எதற்கு என்பார்கள். அவள் மனசை யார் ஆள்வது என்ற சண்டையில், நிலத்தை யார் ஆள்வது என்பதும் சேர்ந்தே தீர்மானமாகிறது. நீங்கள் அப்படி நினைத்துச் செய்யவில்லை என்றால், அதைக் காட்ட உங்களுக்கு ஒரு சுலபமான வழி இருக்கிறது. அந்தப் பத்திரத்தை அவள் முன்னால் நீட்டாதீர்கள்.

தென்மாவட்டத்துக்காரர்கள் அறிந்த ஒரு பெட்டியைப் பற்றிச் சொல்ல வேண்டும். பல வீடுகளில் ஓர் ஓலைப்பெட்டி உயரத்தில் இருக்கும். அதற்குள் பாவாடை, சட்டை, வளையல், குங்குமம். கல்யாணம் ஆகாமல் இறந்துபோன ஒரு பெண்ணுக்காக அது. கன்னி என்பார்கள். வருஷத்துக்கு ஒரு தடவை பெட்டியை இறக்கி, பழைய துணியை எடுத்துவிட்டுப் புதுத்துணி வைத்து, சர்க்கரைப் பொங்கல் படைத்துக் கும்பிடுவார்கள். அந்தப் பெண் எப்படிச் செத்தாள் என்று கேட்டால் சில வீடுகளில் அம்மை, சில வீடுகளில் கிணறு. இன்னும் சில வீடுகளில் பாட்டி குரலைத் தாழ்த்திக்கொள்வாள். யாரையோ பார்த்துச் சிரித்தாள், யாரோடோ பேசினாள், அண்ணன்மார் கூட்டிக்கொண்டு போனார்கள், திரும்பி வரவில்லை. அவள் கோபம் குடும்பத்தின் மேல் விழாமல் இருக்கத்தான் இந்தப் படையல். அன்று கூட்டிக்கொண்டு போனவர்களின் பேரப்பிள்ளைகள்தான் இன்று விழுந்து கும்பிடுகிறார்கள். உயிரோடு இருந்தபோது அவள் பெட்டியைத் திறந்து பார்த்துக் கொன்றோம். செத்த பிறகு அந்தப் பெட்டியில் புதுத்துணி வைக்கிறோம். நம் முன்னோருக்குக் குற்றம் தெரிந்திருந்தது. அதை வேறு எப்படிச் சொல்வதென்று தெரியவில்லை.

உங்களுக்குத் தெரியாத ஆசையைப் புரிந்துகொள்வது கஷ்டம்தான். அதற்கும் ஒரு முன்மாதிரி பக்கத்திலேயே இருக்கிறது. 2021-இல் மதுரையிலிருந்து இரண்டு இளம்பெண்கள் ஒருவரையொருவர் விரும்பிச் சென்னைக்கு வந்துவிட்டார்கள். வீட்டார் காணவில்லை என்று புகார் கொடுத்தார்கள். பெண்கள் பாதுகாப்புக் கேட்டுச் சென்னை உயர் நீதிமன்றம் போனார்கள். நீதிபதி என்.ஆனந்த் வெங்கடேஷ், இந்த உறவைப் பற்றித் தனக்குள்ளேயே முன்முடிவுகள் இருப்பதை வெளிப்படையாக ஒப்புக்கொண்டார். தீர்ப்பெழுதுவதற்கு முன் ஓர் உளவியலாளரிடம் உட்கார்ந்து கேட்டுத் தெரிந்துகொண்டார். அதன் பிறகுதான் அவர்களுக்குப் பாதுகாப்பும், காவல்துறைக்கு வழிகாட்டுதலும் கொடுத்தார். தீர்ப்பு சொல்லும் பதவியில் இருக்கும் ஒருவரால், தெரியவில்லை என்று சொல்லிவிட்டுக் கேட்க உட்கார முடிந்திருக்கிறது. வீட்டில் அண்ணன் என்ற பதவியில் இருக்கும் உங்களால் முடியாதா?

இனி, கேட்க வந்ததைக் கேட்டுவிடுவோம்.

அவள் சொல்லாததைத் தோண்டாதீர்கள். கைபேசி, பீரோ, கைப்பை, நோட்டு, எதையும். அவள் சொல்ல வரும் நாள் ஒன்று வரும், வராமலும் போகலாம். வந்தால், அன்று ஒரு பகல் பொழுது சும்மா இருங்கள். கோபப்படுங்கள், மாடிக்குப் போங்கள், வண்டியை எடுத்துக்கொண்டு ஊரைச் சுற்றுங்கள், அழுகை வந்தால் அழுங்கள். யாருக்கும் ஃபோன் செய்யாதீர்கள். பெரியப்பாவுக்கு வேண்டாம், மாமாவுக்கு வேண்டாம், சங்கத்துக்காரர்களுக்குக் கட்டாயம் வேண்டாம். ஒரு பகல் போதும் என்பதற்குக் கலித்தொகை சாட்சி. அதற்குள் ஆறவில்லை என்றால் இன்னொரு பகல் எடுத்துக்கொள்ளுங்கள். அவன் நல்லவன்தானா, வேலை இருக்கிறதா, குடிக்கிறானா என்ற கேள்விகள் உங்களுக்கு இருக்கும். நியாயமான கேள்விகள். ஆறிய பிறகு அவளிடமே கேளுங்கள். பதில் பிடிக்காவிட்டால் பிடிக்கவில்லை என்று சொல்லுங்கள். அதன் பிறகும் முடிவு அவளுடையதாகத்தான் இருக்கும்.

இன்னொன்றும் உங்களால் மட்டுமே முடியும். டீக்கடையில் ஒருவன் "உன் தங்கச்சிய அங்க பார்த்தேன்டா" என்று ஆரம்பிக்கும்போது, "தெரியும், விடு" என்று சொல்லுங்கள். தெரியாவிட்டாலும் சொல்லுங்கள். அலர் என்பது கேட்க ஆள் இருக்கும்வரைதான் ஓடும். அந்தத் தெருவில் அதன் கடைசி நிறுத்தம் நீங்கள். அப்படி ஒரு வார்த்தை நீங்கள் சொன்னதாக என்றாவது அவள் காதுக்கு எட்டினால், 'ரேவதி காலேஜ்' என்ற பெயரை அவளே மாற்றி எழுதக்கூடும்.

மறந்துவிட வேண்டாம்: இன்று ராத்திரியே செய்யக்கூடிய ஒரு வேலை இருக்கிறது. அவளுடைய கைபேசியின் கடவுச்சொல் உங்களுக்குத் தெரியும் அல்லவா? போன வருஷம் கட்டாயப்படுத்தி வாங்கியது. சாப்பிட்டு முடித்ததும் அவளிடம் போய், அதை மாற்றிக்கொள்ளச் சொல்லுங்கள். மாற்றும்போது நீங்கள் வேறு பக்கம் பார்த்துக்கொண்டு நில்லுங்கள்.